நீலியின் கண்ணீரும் எழுபது பேரும்

மத்ரஸாவின் மனை தொடர்பான வழக்கொன்றின் நிமித்தம் சில ஆண்டுகளுக்கு முன் செங்கற்பட்டு நீதிமன்ற வளாகத்துக்கு நாம் சென்றிருந்தோம். பெண் காவலர் இருவருக்கு நடுவே ஒரு பெண் அழைத்துச் செல்லப்பட்டாள். கணவனைக் கொன்ற வழக்கு என்று நின்றவர்கள் பேசிக்கொண்டார்கள். அவள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். நமக்குப் பக்கத்தில் அமர்ந்திருந்த முதியவர் தம் வழக்குக் கட்டைக் கக்கத்தில் இடுக்கியபடி, "நீலிக் கண்ணீர்" என்று சொல்லிவிட்டு வெற்றிலையை மடித்தார். அவருக்கு அந்தப் பெண்ணின் மீது பகை ஏதுமில்லை. சொல் தயாராக இருந்தது, எடுத்துப் போட்டார். அவ்வளவுதான்.

அந்த வழக்கைப் பற்றி நமக்கு வேறெதுவும் தெரியாது. இக்கட்டுரை அந்தச் சொல்லைப் பற்றியது. வீட்டுக்குள் பல்லாண்டு அடிபட்ட பெண், ஒருநாள் அடித்தவனைக் கொன்றுவிட்டோ, தன் பிள்ளைகளோடு சாக முயன்று தான் மட்டும் பிழைத்துவிட்டோ, குற்றவாளிக் கூண்டில் வந்து நிற்கும்போது அவளைப் புரிந்துகொள்ள நம் மொழி என்னென்ன கதைகளை வைத்திருக்கிறது? நீதிமன்றம் அவற்றில் எதை எடுத்தது, எதை விட்டது? மார்க்கக் கல்வி கற்றவர்களாகிய நாம் எந்தக் கதைக்குள் நிற்கிறோம்? இவை இலக்கியக் கேள்விகளாகத் தோன்றலாம். ஆயினும் புழல், வேலூர் மகளிர் சிறைகளில் சிலருடைய ஆண்டுக்கணக்கு இவற்றைப் பொறுத்தே அமைகிறது.

நீலி நம் பக்கத்தவள். திருவாலங்காட்டை அடுத்த பழையனூர் அவளுடைய ஊர். 1960இல் திருத்தணி வட்டம் செங்கற்பட்டு மாவட்டத்தோடு சேர்ந்தது முதல், 1997இல் அம்மாவட்டம் காஞ்சிபுரம் என்றும் திருவள்ளூர் என்றும் பிரிந்தது வரை, அவ்வூரும் செங்கற்பட்டு மாவட்டத்ததே. கதையின் வடிவங்கள் பல. பெரும்பாலானவற்றுக்குப் பொதுவான செய்தி இது. ஒருவன் தன்னை நம்பி உடன் வந்த மனைவியை வழியில் கொன்றுவிடுகிறான். கொல்லப்பட்டவள் பேயாகிறாள். அவன் மறுபிறப்பில் வணிகனாகப் பழையனூருக்கு வருகிறான். காக்கும் ஆற்றலுடைய வாள் ஒன்று அவன் கையில் இருப்பதால் அவளால் நெருங்க முடியவில்லை. கள்ளிக் கொம்பைக் குழந்தையாக்கி இடுப்பில் ஏந்தி, ஊர்ச் சபையின் முன் வந்து அழுகிறாள். இவன் என் கணவன், என்னைக் கைவிட்டான் என்கிறாள். இவள் பேய், என்னைக் கொல்ல வந்தவள் என்று அவன் அலறுகிறான். சபையிலிருந்த வேளாளர் எழுபது பேரும் அவளை நம்புகிறார்கள். அவன் உயிருக்குத் தங்கள் உயிரைப் பிணையாகச் சொல்லி, வாளை வாங்கி வைத்துக்கொண்டு, இருவரையும் ஓர் அறையில் இரவு தங்கச் செய்கிறார்கள். விடிந்தபோது அவன் பிணம். எழுபது பேரும் வாக்குத் தவறாமல் உயிர் துறக்கிறார்கள். சேக்கிழாரும் இவர்களைப் போற்றத் தவறவில்லை.

இந்தக் கதையிலிருந்து தமிழ் எடுத்துக்கொண்டது இரண்டு. ஒன்று, வாக்குக்காக உயிர்விட்ட எழுபது பேரின் புகழ். மற்றது 'நீலிக் கண்ணீர்'. முதல் கொலை எங்கே போயிற்று? கதை அந்தக் கொலையோடுதான் தொடங்குகிறது. அது நடந்திராவிட்டால் பேயும் இல்லை, வழக்கும் இல்லை. ஆயினும் ஆயிரமாண்டு வழக்கில் அந்தக் கொலை கரைந்துபோய், கொல்லப்பட்டவளின் அழுகை மட்டும் பொய்க்கு இலக்கணமாக நின்றுவிட்டது. அவள் சபையில் சொன்ன சொல் எவ்வளவு பொய்? குழந்தை பொய், கள்ளிக் கொம்பு. இவன் என் கணவன் என்றது பொய்யன்று. இவனால் கெட்டேன் என்றதும் பொய்யன்று.

நாம் கவனிக்க வேண்டிய இடம் அந்த அறை. பெண்ணின் கண்ணீரை நம்பியதால் எழுபது பேர் கெட்டார்கள் என்பது வழக்கமான பொருள். கதையைத் திரும்பப் படித்துப் பார்த்தால் அவர்கள் கெட்டது நம்பியதால் என்று நமக்குத் தோன்றவில்லை. ஒருவரையொருவர் அஞ்சும், ஒருவர்மீது ஒருவர் கொடுங்குற்றம் சாட்டும் இருவர் சபைக்கு வருகிறார்கள். சபை இருவரையும் தனித்தனியே விசாரிக்கவில்லை. முன்பு என்ன நடந்தது என்று கேட்கவில்லை. கணவன், மனைவி என்ற சொற்கள் காதில் விழுந்ததும், இரவு ஒரே அறையில் விட்டால் காலையில் சரியாகிவிடும் என்று தீர்மானித்தது. ஆயுதத்தை மட்டும் வாங்கி வைத்துக்கொண்டது. இன்றும் நம் ஊர்ப் பஞ்சாயத்துகள் செய்வது வேறென்ன? 1992இல் தமிழகத்தில் தொடங்கிய அனைத்து மகளிர் காவல் நிலையங்களிலும் எத்தனை மனுக்கள் 'சேர்த்து வைத்து' முடிக்கப்படுகின்றன? நீலி கதையில் அந்த அறையில் செத்தவன் ஆண். நாளேடுகளில் நாம் படிக்கும் கதைகளில் பெரும்பாலும் பெண். கதவைச் சாத்தியது இரண்டிலும் சபைதான்.

நீதிமன்றம் எடுத்துக்கொண்ட கதை வேறு. 1989இல் சட்ட இதழ்களில் வெளியான சுயம்புக்கனி வழக்கின் தீர்ப்பு அது. கணவன் கொடுமை தாளாமல் பிள்ளைகளோடு கிணற்றில் குதித்துப் பிழைத்துவிட்ட ஒரு தாயின் மீது கொலைக்குற்றம் சாட்டப்பட்டிருந்தது. மேல்முறையீட்டைக் கேட்ட சென்னை உயர்நீதிமன்ற நீதியரசர் தாவித் அன்னுசாமி புதுச்சேரியைச் சேர்ந்தவர். பிரெஞ்சுச் சட்டத்திலும் புலமையுடையவர். இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 300ஆம் பிரிவு, 'கடுமையான, திடீர் ஆத்திரமூட்டல்' இருந்தால் மட்டுமே கொலையைச் சற்றுக் குறைந்த குற்றமாகக் கருதுகிறது. நாள்தோறும் சிறுகச் சிறுகச் சேர்ந்து ஒருநாள் உடையும் துன்பத்துக்கு அதில் இடமில்லை. அதற்கு 'நீடித்த ஆத்திரமூட்டல்' என்று பெயரிட்டு, சட்டத்தில் எழுதப்படாவிடினும் நீதிமன்றங்கள் ஏற்றுவந்த தனி விலக்காக அதை அவர் நிறுவினார். பிள்ளைகளோடு சாகத் துணியும் தாயின் மனநிலைக்கு அத்தீர்ப்பு ஒரு பெயரும் சூட்டியது: நல்லதங்காள் நோய்க்குறி. தமிழ்நாட்டு நீதிமன்றம் ஒன்று தன் சட்டக் கருத்துக்கு நாட்டுப்புறக் கதைப்பாடலில் பெயர் தேடியது என்பது சிறிய செய்தியன்று. ஆங்கிலேய வழக்குகளின் பெயர்களையே உச்சரித்துப் பழகிய மன்றத்தில் தெருக்கூத்துக்காரரும் அறிந்த ஒரு பெயர் ஒலித்தது. நாம் அதை மனமாரப் பாராட்டுகிறோம். பின்வந்த தீர்ப்புகள் சிலவும் அவ்வழியே சென்றன.

ஆயினும் பெயர் பொருந்துகிறதா என்று பார்க்க வேண்டும். நல்லதங்காள் கதை பெரிய எழுத்துப் புத்தகமாக விற்று, வட மாவட்டங்களில் கூத்தாக ஆடப்பட்டு, 1935இலும் 1955இலும் திரைப்படமாகவும் வந்தது. வத்திராயிருப்பை அடுத்த அர்ச்சுனாபுரத்தில் அவளுக்குக் கோயிலும் உண்டு. பஞ்சத்தில் ஏழு பிள்ளைகளோடு தமையன் வீட்டுக்கு வருகிறாள். தமையன் வேட்டைக்குப் போயிருக்கிறான். அண்ணி மூளி அலங்காரி கதவடைக்கிறாள். ஓட்டைப் பானையும் எரியாத விறகும் தந்து அவமதிக்கிறாள். பிள்ளைகளை ஒவ்வொருவராகக் கிணற்றில் எறிந்து தானும் விழுகிறாள் நல்லதங்காள். இதில் கணவன் குற்றமற்றவன். தமையன் குற்றமற்றவன். பஞ்சம் வானத்தின் செயல். குற்றம் முழுவதும் இன்னொரு பெண்ணின் தலையில். திரும்பிவந்த தமையன் தன் மனைவியைக் கொல்கிறான். அந்தக் கொலையைக் கதை கொலை என்றே எண்ணுவதில்லை, நீதி என்கிறது. ஒரே கதைக்குள் ஆணின் ஆத்திரம் நீதியாகவும் பெண்ணின் ஆத்திரம் தன் பிள்ளைகள் மேலும் தன் மேலுமே திரும்புவதாகவும் இருப்பதைக் கேட்டு அழுதவர்கள் கவனித்ததாகத் தெரியவில்லை.

கணவன் கையால் வதைபட்ட பெண்ணின் வழக்குக்கு, கணவன் மாசற்றவனாக வரும் கதையின் பெயர் சூட்டப்பட்டிருக்கிறது. இது பெயர் பற்றிய சிறு குறை அன்று. நல்லதங்காளுக்கு நாம் இரங்குவது அவள் செத்ததால். அவள் கை எவன்மேலும் ஓங்கப்படவில்லை என்பதால். கிணற்றுக் கரையில் பிழைத்து நின்றிருந்தால் அவளை ஊர் என்ன சொல்லியிருக்கும் என்று கதை யோசிக்கவில்லை. இறைவன் தோன்றி எல்லாரையும் எழுப்பிவிடும் முடிவுள்ள வடிவங்களில் அந்தக் கேள்விக்கே இடமில்லை. நீதியரசர் செய்த அரிய காரியம், பிழைத்துவிட்ட நல்லதங்காளை நினைத்துப் பார்த்ததுதான். பிள்ளைகளின் உயிர் அற்பமென்று அவர் சொல்லவில்லை, விடுதலையாக்கவும் இல்லை, குற்றத்தின் பெயரைக் கொலையிலிருந்து குறைத்தார். வறுமைக்கு அஞ்சிப் பிள்ளைகளைக் கொல்வதைத் திருமறை இரண்டு இடங்களில் தடுக்கிறது. அந்தத் தடையில் நமக்கு ஐயமில்லை. பிள்ளையைக் கொன்ற பெற்றோர்மீது கிஸாஸ் இல்லை என்று ஃபிக்ஹு அறிஞருள் பெரும்பாலோர் கொண்டிருப்பதையும், அதனால் அச்செயல் குற்றமற்றதாகிவிடாது என்பதையும் மாணவர்களுக்குப் பாடம் சொல்லியிருக்கிறோம். இரக்கமும் தடையும் ஒரே தீர்ப்பில் நிற்க முடியும்.

கிணற்றை நோக்கிப் போகாமல் கணவனை நோக்கித் திரும்பியவளுக்கு என்ன பெயர்? அவளுக்கு நல்லதங்காள் பெயர் உதவாது. அவள் நீலி. அந்தப் பெயரோ முன்னமே கெட்டுப்போய்விட்டது.

சட்டத்தின் வரலாறும் இதற்குத் துணைபோகிறது. 'திடீர்' என்ற சொல்லைப் பார்ப்போம். 1881இல் போயா முனிகாடு வழக்கில், மனைவியையும் அவளது கள்ளக்காதலனையும் இரவில் கண்டுவிட்டு, மறுநாள் இருவரும் சேர்ந்து உண்ணக் கண்டு அவனைக் கொன்றவனுக்கு, சென்னை உயர்நீதிமன்றம் முந்தின இரவையும் சேர்த்தே கணக்கிட்டது. 1961இல் நானாவதி வழக்கில் உச்சநீதிமன்றம், கொல்லப்பட்டவரின் முந்தைய செயல்களால் உருவான மனப்பின்னணியும் கருதத்தக்கது என்று கூறிற்று. ஆனால் ஆறுவதற்கு நேரம் இருந்தது என்று சொல்லி அந்தக் கடற்படை அதிகாரிக்கு அதன் பயனை மறுத்தது. இரண்டிலும் ஆத்திரப்பட்டவன் கணவன். காரணம் மனைவியின் ஒழுக்கம். ஒரு மனிதனின் நேற்றைய இரவு இன்றைய செயலை விளக்கும் என்பதை நீதிமன்றங்கள் முதலில் கற்றுக்கொண்டது இவர்களிடமிருந்து. பத்தாண்டு இரவுகளை உடைய பெண் மிகவும் பிந்தி வந்தாள்.

இங்கிலாந்திலும் கதை இதுவே. 1949இல் டஃபி என்ற பெண், தன்னை வதைத்த கணவன் படுக்கையில் இருந்தபோது அவனைக் கொன்றாள். அவளுடைய வழக்கில்தான் 'திடீரென்று, தற்காலிகமாகத் தன்னடக்கம் இழத்தல்' என்ற இலக்கணம் வகுக்கப்பட்டது. அடிபட்ட பெண் ஒருத்தியைத் தண்டிக்க வகுத்த இலக்கணம் நாற்பதாண்டு கழித்து இன்னொருத்திக்கும் குறுக்கே நின்றது. பஞ்சாபிலிருந்து மணமாகிச் சென்ற கிரண்ஜித் அலுவாலியா பத்தாண்டு வதைபட்டபின், 1989 மே மாதம் உறங்கிக்கொண்டிருந்த கணவனுக்குத் தீவைத்தார். அவன் இறந்தான். ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. சவுத்தால் பிளாக் சிஸ்டர்ஸ் என்ற பெண்கள் அமைப்பு இயக்கம் நடத்திற்று. 1992இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் தண்டனையை நீக்கி மறுவிசாரணைக்கு அனுப்பியது. செப்டம்பரில் அவர் வெளியே வந்தார். இவர் கதை 2006இல் திரைப்படமாக வந்தபோது நம் பத்திரிகைகளும் எழுதின. எழுதாமல் விட்டது ஒன்றுண்டு. ஆத்திரமூட்டல் என்ற வாதத்தில் அவர் வெல்லவில்லை. மனச்சோர்வால் பொறுப்புணர்வு குன்றியவர் என்ற வாதத்திலேயே வென்றார். அநீதிக்கு ஆளானவள் என்று சொல்லி விடுவிக்க வழியில்லாமல், நோயாளி என்று சொல்லி விடுவித்தார்கள். நல்லதங்காள் 'நோய்க்குறி' என்ற தொடரிலும் அதே நிழல் இருக்கிறது. அடித்தவனின் செயலைப் பேசவேண்டிய இடத்தில் அடிபட்டவளின் நோயைப் பேசுகிறோம். இங்கிலாந்து 2009ஆம் ஆண்டுச் சட்டத்தால் 'திடீர்' என்ற நிபந்தனையைக் கைவிட்டது. நம் நாட்டில் 2024 ஜூலை முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சம்ஹிதையின் 101ஆம் பிரிவில் அந்தச் சொல் அப்படியே இருக்கிறது. 1860இன் சட்டத்தைப் புதுப்பிக்க அமர்ந்தவர்களின் கண்ணில் அது படவில்லை.

தாக்குதல் நடக்கும் கணத்திலேயே திருப்பித் தாக்கியவளுக்குச் சட்டம் இடம் கொடுக்கிறது. 2012இல் மதுரையில், மகளிடம் தகாத முறையில் நடக்க முயன்ற கணவனை மட்டையால் அடித்துக் கொன்ற பெண்ணைக் காவல்துறை தற்காப்புரிமைப் பிரிவின்கீழ் விடுவித்தது. 2021 ஜனவரியில், பழைய செங்கற்பட்டு மாவட்டத்தின் சோழவரத்தருகே, தன்னைக் கெடுக்க முயன்ற உறவினனைக் கொன்ற 19 வயதுப் பெண்ணையும் அவ்வாறே விடுவித்தார்கள். நல்ல முடிவுகள். இவற்றுக்கும் தமிழில் ஒரு கதை உண்டு. ஐம்பெருங்காப்பியங்களுள் ஒன்றான குண்டலகேசியின் நாயகி, தன்னை மலையுச்சிக்கு அழைத்துச் சென்று கொல்லவிருந்த கணவனை வலம்வருவதாகச் சொல்லிப் பின்னிருந்து தள்ளிவிடுகிறாள். பிறகு துறவு பூண்டு, ஊர் ஊராகச் சென்று வாதம் புரிகிறாள். பௌத்தம் அவளைத் தேரிகளின் வரிசையில் வைத்தது. கணவனைக் கொன்ற பெண்ணை நாயகியாக்கிக் காப்பியம் பாடிய மொழி நம்முடையது. அந்நூலில் நமக்கு எஞ்சியவை பத்தொன்பது பாடல்களே. கதையையே நீலகேசி உரையிலிருந்து அறிகிறோம். அந்த நீலகேசியும் பழையனூர் நீலிதான். சமண முனிவரைக் கெடுக்க வந்து, அவரிடம் அறம் கேட்டு, குண்டலகேசி முதலியோரோடு வாதிட்டு வெல்லும் தர்க்கவாதியாக அவளைச் சமணப் புலவர் மாற்றினார். அழுதவள் அங்கே பேசுகிறாள். 1936இல் பேராசிரியர் அ. சக்கரவர்த்தி நயினார் பதிப்பித்த அந்நூல் இன்றும் சிலரது மேசையில்தான் இருக்கிறது. மக்கள் நாவில் நின்றது கண்ணீர்.

இனி நம் வீட்டைப் பார்ப்போம். காழி ஷுரைஹிடம் ஒரு பெண் அழுதுகொண்டு வழக்குரைத்தாள். உடனிருந்த இமாம் ஷஅபீ, இவள் அநீதிக்குள்ளானவள் போலும் என்றார். யூசுஃபின் சகோதரர்களும் மாலையில் அழுதுகொண்டுதான் தந்தையிடம் வந்தார்கள் என்று ஷுரைஹ் விடையிறுத்தார். இந்நிகழ்ச்சியைப் பெண்களின் கண்ணீரை நம்பாதே என்பதற்குச் சான்றாக மேடைகளில் சொல்லக் கேட்டிருக்கிறோம். சொல்பவர்கள் ஒன்றை மறந்துவிடுகிறார்கள். திருமறை காட்டும் அந்தப் பொய்க்கண்ணீர் ஆண்களுடையது, பத்து ஆண்களுடையது. கண்ணீர் சான்றாகாது என்பதே ஷுரைஹின் கருத்து. விசாரி என்பது அதன் மறுபக்கம். விசாரணையைத் தொடங்காமலிருக்க அதைக் காரணமாக்குவது ஷுரைஹுக்குச் செய்யும் அநீதி.

அரபியில் முறையீட்டைக் குறிக்கும் ஷக்வா என்ற சொல்லுக்கு ராகிப் அல்-இஸ்ஃபஹானி தம் அகராதியில் அழகான மூலம் காட்டுகிறார். சிறிய தோல் தண்ணீர்ப்பைக்கு ஷக்வா என்று பெயர். முறையிடுவது என்பது அந்தப் பையைத் திறந்து உள்ளிருப்பதை வெளிக்காட்டுவது. திருமறையின் 58ஆம் அத்தியாயம் இவ்வினையை ஒரு பெண்ணுக்கே உரியதாக்கித் தொடங்குகிறது. கவ்லா பின்த் ஸஅலபா (ரலி) தம் கணவரைப் பற்றி அண்ணலாரிடம் வாதிட்டதையும் இறைவனிடம் முறையிட்டதையும் அவன் செவியேற்றான் என்பது அதன் முதல் செய்தி. அத்தியாயத்தின் பெயரே 'வாதிடுபவள்' என்னும் பொருளுடையது. அழுபவள் என்று அதற்குப் பெயரிடப்படவில்லை.

அபூதாவூதிலும் இப்னு மாஜாவிலும் வரும் ஒரு செய்தியை நீலி கதையின் பக்கத்தில் வைத்துப் பார்க்கும்போதெல்லாம் நாம் திடுக்கிடுகிறோம். பெண்களை அடிக்க வேண்டாமென நபிகள் நாயகம் (ஸல்) தடுத்தார்கள். மனைவியர் துணிந்துவிட்டார்கள் என்று உமர் (ரலி) வந்து கூறவே, தடை தளர்ந்தது. அன்றிரவு தம் கணவர்மாரைப் பற்றி முறையிடப் பெண்கள் நபியவர்களின் இல்லத்தாரைச் சூழ்ந்துகொண்டார்கள். இப்னு மாஜாவின் அறிவிப்பில் அவர்களின் தொகை எழுபது. அத்தகைய கணவர்கள் உங்களில் நல்லோர் அல்லர் என்று மறுநாள் நபியவர்கள் அறிவித்தார்கள். பழையனூரில் முறையீட்டைக் கேட்க அமர்ந்தவர்கள் எழுபது பேர். மதீனாவில் முறையிட வந்தவர்களே எழுபது பேர். அவர்களை எவரும் இரவோடிரவாகத் திருப்பி அனுப்பியதாக அறிவிப்பில் இல்லை.

இன்னொரு விடியற்காலையும் உண்டு. ஹபீபா பின்த் ஸஹ்ல் (ரலி) இருள் பிரியுமுன் நபியவர்களின் வாசலில் வந்து நின்றார். கணவர் அடித்ததில் உறுப்பொன்று முறிந்திருந்ததாக அபூதாவூதின் அறிவிப்பு கூறுகிறது. கணவர் அழைக்கப்பட்டார். மஹர் திரும்பியது. மணம் அன்றே முறிந்தது. சமாதானம் பேசி ஒரே வீட்டுக்கு அனுப்பப்படவில்லை.

நம் ஃபிக்ஹு நூல்களில் எல்லாம் சீராக இருக்கிறது என்று சொல்ல நாம் வரவில்லை. தாக்க வருபவனைத் தடுக்கும் உரிமையை அவை விரிவாகப் பேசுகின்றன. அதுவும் அந்தக் கணத்துக்குரிய உரிமைதான். குறைந்த வலிமையால் தடுக்க முடியுமாயின் மிகுதி கூடாது என்ற நிபந்தனையும் உண்டு. உறங்கும் கணவனைக் கொன்றவளுக்கு அதில் புகலிடமில்லை. நாம் இல்லாததைக் காட்டமாட்டோம். நம் மரபு பெண்ணுக்கு வாசல் வைத்தது முன்கட்டத்தில். கொடுமை முற்றுமுன் வெளியேறும் வாசல் அது. அதையும் எல்லா மத்ஹபும் ஒரே அளவில் திறக்கவில்லை. கணவனின் கொடுமைக்காக நீதிபதி மணத்தை முறிக்க மாலிக்கீ அறிஞர்கள் இடம் தந்தார்கள், ஹனஃபீகள் தரவில்லை. இரு தரப்பு நடுவர்கள் பிரித்துவைக்கும் அதிகாரமுடையவர்கள் என்று மாலிக்கீகள் கொள்ள, ஷாஃபிஈ மரபில் வலுவான கருத்து அவர்களை வெறும் வக்கீல்களாகக் காண்கிறது. மௌலானா அஷ்ரஃப் அலீ தானவி 1930களின் தொடக்கத்தில், வழியற்ற மனைவியருக்காக மாலிக்கீ தீர்ப்புகளை ஏற்கலாமென நூலெழுதி ஹனஃபீ உலகின் கதவைத் தட்டினார். அதன் விளைவுகளுள் ஒன்றே 1939ஆம் ஆண்டின் முஸ்லிம் திருமண ரத்துச் சட்டம். வழக்கமாக அடிப்பதும் வாழ்வைத் துன்பமாக்குவதும் மணத்தை முறிக்கப் போதுமான காரணங்களென அதன் இரண்டாம் பிரிவு சொல்கிறது. இந்து மணச் சட்டம் வருவதற்கு 16 ஆண்டுகள் முன்பே நம் பெண்களிடம் இந்த ஆயுதம் இருந்தது. அதைப் பற்றி எத்தனை ஜும்ஆ பயான்கள் கேட்டிருக்கிறோம்? 2005ஆம் ஆண்டுக் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம், அடிபட்டவளை வீட்டைவிட்டு விரட்டாமல் அடிப்பவனை வெளியேற்ற உத்தரவிட நீதிமன்றத்துக்கு அதிகாரம் தந்தது. அதைப் பற்றியும் நம் மேடைகள் பேசியதில்லை. பெண்ணுக்குப் புத்தி சொல்லும் மாலைகளும் கும்மிகளும் நம் புலவர்கள் நிறையப் பாடினார்கள். ஆணுக்குப் புத்தி சொல்லும் மாலை ஒன்றை நாம் இன்னும் தேடிக்கொண்டிருக்கிறோம்.

மாமல்லபுரத்துக்கு வடக்கே கோவளத்தில், தமீமுல் அன்சாரி (ரலி) அவர்களின் பெயரால் வழங்கும் தர்காவில், வியாழன் மாலைகளில் கடற்கரைக் குப்பங்களிலிருந்தும் உள்நாட்டு ஊர்களிலிருந்தும் பெண்கள் வந்து அமர்கிறார்கள். முஸ்லிம்கள் மட்டுமல்லர். கம்பிச் சன்னலைப் பிடித்துக்கொண்டு வாய்க்குள் பேசுகிறார்கள். அடக்கத்தலத்தில் முறையிடுவது பற்றி நம் மத்ரஸாக்களில் நடக்கும் விவாதம் எல்லாரும் அறிந்தது. அதில் நமக்கும் கருத்துண்டு. ஆனால் அந்தப் பையைத் திறக்க அவர்களுக்கு வேறெந்த இடத்தை நாம் விட்டுவைத்தோம் என்ற கேள்வி வரும்போது நம் ஃபத்வாவின் குரல் தணிந்துவிடுகிறது.

தணிய வேண்டிய காரணம் நமக்கே உண்டு. இக்கடற்கரை வட்டாரத்து ஜமாஅத் ஒன்றின் குடும்ப விசாரணைக் குழுவில் நாமும் சில ஆண்டு இருந்தோம். ஒரு பெண் மூன்று முறை வந்தாள். மூன்றாம் முறை அவள் அழவில்லை. அதையே சிலர் அவளுக்கு எதிராகப் பேசினார்கள். முதல் இருமுறை அழுதபோது ஒருவர் சொன்ன சொல் அந்த முதியவர் நீதிமன்றத்தில் சொன்ன அதே சொல்தான். ஸப்ரின் சிறப்பைப் பற்றி நாமே ஹதீஸ் எடுத்துச் சொன்னோம். கணவனிடம் இனி கைநீட்டமாட்டேன் என்று எழுதி வாங்கினோம். அந்தத் தாளை ஆயுதத்தைப் பறிமுதல் செய்ததுபோல் பெட்டியில் வைத்துக்கொண்டு, இருவரையும் ஒரே ஆட்டோவில் அனுப்பிவைத்தோம். பிறகு அவர்கள் ஊர் மாறிவிட்டார்கள். அவள் எங்கே இருக்கிறாள் என்று நாம் விசாரிக்கவில்லை.

குழுவின் பதிவேட்டை அண்மையில் வேறொரு காரியத்துக்காகப் புரட்ட நேர்ந்தது. மூன்று நாள்களுக்கும் பதிவு இருக்கிறது. தேதி, கணவன் பெயர், தகப்பன் பெயர், மஹர் தொகை, 'சமாதானம்' என்ற முடிவு, கீழே ஐந்து கையெழுத்துகள். அவற்றுள் ஒன்று நம்முடையது. அவள் என்ன சொன்னாள் என்பதை எழுத அந்தப் பக்கத்தில் கட்டம் போடப்படவில்லை.